ஷாக் அடித்தது மீன் இல்லை

கேள்வி: மூன்றடித் தொட்டியில் பிளாக் கோஸ்ட் மீன் ஒன்று வளர்க்கிறேன், இப்போது நாலு இன்ச். தண்ணீர் மாற்றக் கை விட்டபோது ஷாக் அடித்தது. கடைக்காரரிடம் கேட்டால், "அது கரண்ட் மீன்தான் சார், போகப் போகப் பழகிடும்" என்கிறார். வீட்டில் ஐந்து வயதுக் குழந்தை இருக்கிறது. மீனைத் திருப்பிக் கொடுத்துவிடவா? (மதுரை வாசகர்)

பதில்: மீனை விடுங்கள். தொட்டிக்குப் போகிற எல்லா பிளக்கையும் முதலில் பிடுங்கிவிட்டு வந்து மீதியைப் படியுங்கள். உங்களை அடித்தது உங்கள் வீட்டு 230 வோல்ட்.

கரண்ட் மீன் என்று கடைக்காரர் சொன்னது பொய்யில்லை, அதுதான் எரிச்சலே. தென் அமெரிக்காவின் அமேசான், ஒரினோகோ ஆறுகளைச் சேர்ந்த இந்த மீன் நொடிக்குச் சுமார் ஆயிரம் துடிப்பு வீதம் இரவு பகலாக மின்சாரம் விடுகிறது, இருட்டில் புழு பூச்சி எங்கே இருக்கிறது, கல் எங்கே இருக்கிறது என்று தெரிந்துகொள்ள. ஆனால் அது உங்கள் கைக்குத் தெரியவே தெரியாது. கம்பி விட்டு ஆம்ப்ளிஃபயர், ஸ்பீக்கர் வைத்தால் 'ங்ஙீ' என்று கேட்கும், அவ்வளவுதான். ஆளை அடிக்கிற மின்விலாங்கும் இதே வகையறாதான், ஒரு இனத்தில் 860 வோல்ட் வரை அளந்திருக்கிறார்கள். உடம்பெல்லாம் கறுப்பு, வாலில் இரண்டு வெள்ளை வளையம் என்றால் உங்களிடம் இருப்பது அது இல்லை.

"தண்ணீரில் கரண்ட் இருந்தால் மீன் செத்திருக்காதா?" என்று கேட்பீர்கள். சாகாது. கம்பியில் உட்கார்ந்த காக்கை மாதிரிதான். கண்ணாடித் தொட்டிக்குள் இருக்கிற மீன் வழியாகக் கரண்ட் தரைக்கு இறங்க வழியில்லை. ஈரத் தரையில் வெறுங்காலோடு நிற்கிற நீங்கள் கை விட்டதும் அந்த வழி கிடைத்துவிடுகிறது.

எனக்கு முதல் சந்தேகம் ஹீட்டர் மேல்தான். தண்ணீர் மாற்றும்போது பிளக்கைப் பிடுங்காமல் விடுகிறார்கள், நீர்மட்டம் இறங்கி ஹீட்டர் காற்றில் சூடேறுகிறது, மேலே பச்சைத் தண்ணீர் விழுந்ததும் கண்ணாடியில் மயிரிழை விரிசல் விடுகிறது. பிளக் பிடுங்கி அரை மணி ஆறவிட்டு வெளியே எடுத்து வெளிச்சத்தில் பாருங்கள், குழாய்க்குள் ஆவி படிந்திருந்தாலோ ஒரு சொட்டு நீர் நின்றாலோ குப்பையில் போடுங்கள். பெவிகுவிக், எம்-சீல் வேலையெல்லாம் வேண்டாம். ஹீட்டர் சுத்தமாக இருந்தால் மோட்டாரின் ஒயர் உள்ளே நுழைகிற இடத்தைப் பாருங்கள். எது என்று கண்டுபிடிக்க மறுபடி கையை விட்டுச் சோதிக்காதீர்கள்.

மதுரையில் எதற்கு ஹீட்டர் என்பது வேறு கேள்வி. இந்த மீனுக்கு 23 முதல் 28 டிகிரி போதும், உங்கள் ஊரில் மின்விசிறி வைத்துக் குளிர வைக்காமல் இருந்தால் சரி. தொட்டி வாங்குகிறவர் தலையில் 'செட்' என்று ஒரு ஐஎஸ்ஐ முத்திரை இல்லாத ஹீட்டரையும் கட்டிவிடுகிறார்கள், அதில்தான் லாபம். ஊட்டி, கொடைக்கானல், வால்பாறைக்காரர்களுக்கு நிச்சயம் வேண்டும். ஓசூர்க்காரர்களுக்கு மார்கழி, தையில் மட்டும் வேண்டியிருக்கலாம், அதுவும் ராத்திரி தண்ணீரில் தெர்மாமீட்டர் போட்டுப் பார்த்த பிறகுதான். கொடைக்கானலில் சித்தப்பா வைத்திருக்கிறார் என்பதற்காக மதுரையில் வாங்கக்கூடாது.

இனி எலக்ட்ரீஷியன். லோடு கூடினால் தானே விழுகிற சுவிட்ச்தான் எம்சிபி. "எம்சிபி இருக்கிறதே சார்" என்பார். எம்சிபி ஒயரைக் காப்பாற்றும், ஆளைக் காப்பாற்றாது. கசிந்தால் தானே கட் ஆகிற 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி கேட்டுப் போடச் சொல்லுங்கள். தண்ணீரை எர்த்தோடு இணைக்கிற 'கிரவுண்டிங் புரோப்' என்று ஒரு குச்சி ஆன்லைனில் விற்கிறார்கள். ஆர்சிசிபி இல்லாமல் அதைப் போட்டால் இவ்வளவு நேரம் தப்பித்த மீனுக்கும் நீங்களே வழி போட்டுக் கொடுத்த மாதிரி ஆகிவிடும். வாடகை வீடு என்றால் எர்த் கம்பி பாதி இடங்களில் சுவருக்குள்ளேயே அறுந்து கிடக்கும். சரி பார்க்க வேண்டியவர்கள் காகிதத்தில் பார்த்துவிட்டுப் போகிறார்கள். உங்கள் மூன்று முள் சாக்கெட்டை நீங்கள்தான் ஆள் வைத்துப் பார்க்க வேண்டும்.

திருப்பிக் கொடுக்கவா என்று கேட்டீர்கள். கொடுக்கலாம், காரணம்தான் வேறு. இது ஒன்றரை அடி வரை வளரும், உங்கள் மூன்றடித் தொட்டியில் திரும்பவே இடமிருக்காது, நாலு இன்ச்சில் விற்கும்போது இதை யாரும் சொல்வதில்லை. கடைக்காரர் எடுத்துக்கொள்ளவில்லை என்றால் ஆறடித் தொட்டி வைத்திருப்பவர் யாருக்காவது கொடுங்கள், கண்மாயில் மட்டும் விட்டுவிடாதீர்கள். வைத்துக்கொள்வதாக இருந்தால் ஒளிந்துகொள்ள ஒரு பிவிசி குழாய் போடுங்கள். பகலில் அதற்குள் ஒருக்களித்துக் கிடக்கும், அதைப் பார்த்துச் சீக்கு என்று நீல மருந்து ஊற்றிவிடாதீர்கள். விளக்கை அணைத்த பிறகு உறைந்த ரத்தப்புழு போடுங்கள்.