பென்சில்வேனியா ஆடிட்டர் ஜெனரல் பதவி பற்றி

கணக்காளராக இருக்கும் உங்கள் மகள் அமெரிக்க மாநிலமான பென்சில்வேனியாவில் ஆடிட்டர் ஜெனரல் (மாநில அரசின் தலைமைத் தணிக்கையாளர்) ஆக என்ன தேர்வு எழுதணும் என்று கேட்டிருந்தீர்கள் அண்ணா. தேர்வே கிடையாது, தேர்தல்தான். நம் நாட்டு சிஏஜி (தலைமைக் கணக்குத் தணிக்கையாளர்) மாதிரி ஜனாதிபதி நியமிப்பதில்லை, மக்கள் ஓட்டுப் போடணும். நான்கு வருடப் பதவி, தொடர்ந்து இரண்டு முறைதான்.

கணக்குப் படிப்பே வேண்டும் என்பதும் இல்லை, இதுதான் எனக்கு வேடிக்கை. 1997 முதல் 2005 வரை இருந்த பாப் கேசி ஜூனியர் வக்கீல். அப்புறம் மாநிலக் கருவூலத் தலைவராகி, 2007-ல் அமெரிக்க செனட்டுக்கே போய்விட்டார். 2013-ல் வந்த யூஜின் டிபாஸ்குவாலே அதற்கு முன் மாநில சட்டமன்ற உறுப்பினர். குழந்தைக் கொடுமையைப் புகார் செய்யும் தொலைபேசிச் சேவையில் 2015-ல் மட்டும் சுமார் 42,000 அழைப்புகளை யாரும் எடுக்கவில்லை என்று அவர் அலுவலகத் தணிக்கை சொன்னபோதுதான், இது வெறும் வரவு செலவு பார்க்கிற வேலை இல்லை என்று பலருக்குப் புரிந்தது. ஆனால் அந்தப் பெயரும் ஓட்டாகவில்லை, 2020-ல் நாடாளுமன்றத் தேர்தலிலும் 2024-ல் மாநில அட்டர்னி ஜெனரல் (தலைமை அரசு வழக்கறிஞர்) தேர்தலிலும் தோற்றார்.

உங்கள் மகளுக்கு ஒத்துவருவது இப்போதைய டிமோத்தி டிஃபோர் வந்த வழி என்று நினைக்கிறேன். மோசடி விசாரணை வேலை, பிறகு டாஃபின் கவுண்டியில் (நம் மாவட்டம் மாதிரி) தேர்ந்தெடுக்கப்பட்ட கணக்குக் கட்டுப்பாட்டாளர், அதற்கப்புறம்தான் மாநிலப் பதவி. தேர்தல் வேண்டாம், தணிக்கைதான் பிடிக்கும் என்றால் அதே அலுவலகத்தில் சம்பளத்துக்குத் தணிக்கையாளராகச் சேரலாம், அதற்குக் கட்சியும் வேண்டாம் ஓட்டும் வேண்டாம்.