19 பேர் வென்ற கட்சி: தாத்தாவின் நோட்டீஸிலிருந்து வரலாறு எழுத முடியுமா?

கேள்வி: என் தாத்தா 1952 தேர்தலில் நெல்லிக்குப்பம் பக்கம் உழைப்பாளர் கட்சிக்காக வேலை செய்தவர். அவருடைய டிரங்குப் பெட்டியில் நான்கு நோட்டீஸ்களும் ஒரு நன்கொடை ரசீதும் கிடைத்தன. அந்தக் கட்சியின் வரலாற்றைச் சிறு நூலாக எழுத ஆசை. ஆனால் எங்கே தேடினாலும் '19 இடங்களில் வென்றது, பிறகு காங்கிரசில் கரைந்தது' என்ற ஒரே வரிதான் வருகிறது. எங்கிருந்து தொடங்குவது?

பதில்: அந்த ஒரு வரியிலிருந்தே தொடங்குங்கள். எதிர்க்கட்சி வரிசைக்கு வந்த 19 பேர் இரண்டே ஆண்டுகளில் ஏன் கரைந்தார்கள் என்ற கேள்விதான் உங்கள் நூல். கட்சி பிறந்த கதையை முதல் அத்தியாயமாக எழுத உட்கார்ந்தால் சாதிப் பெருமையிலும் தலைவர் புகழிலும் நாற்பது பக்கம் ஓடிவிடும். அப்படிப்பட்ட நூல்கள் ஏற்கெனவே போதுமான அளவு இருக்கின்றன.

முதலில் ஒரு கணக்கு. 1952இல் சென்னை மாநிலச் சட்டப்பேரவைக்கு 375 இடங்கள். பெரும்பான்மைக்கு 188 வேண்டும். காங்கிரஸ் வென்றது 152. கம்யூனிஸ்டுகள் 62, கிசான் மஸ்தூர் பிரஜா கட்சி 35. உங்கள் தாத்தாவின் கட்சி 19. வட ஆற்காடு, செங்கல்பட்டுப் பக்கம் நின்ற காமன்வீல் கட்சிக்கு 6. இந்த ஆறு பேரை விட்டுவிட்டு அந்தப் பத்தொன்பது பேரின் கதையை எழுத முடியாது. தென் ஆற்காட்டில் உழைப்பாளர் கட்சித் தலைவர் எஸ்.எஸ்.ராமசாமிப் படையாச்சியார், வட ஆற்காட்டில் காமன்வீல் தலைவர் எம்.ஏ.மாணிக்கவேலு நாயக்கர் என இருவரும் வன்னியர் சங்க அரசியலிலிருந்து வந்தவர்கள். காங்கிரஸ் தங்களவர்களுக்கு உரிய இடம் தரவில்லை என்ற அதே மனக்குறையோடு வந்தவர்கள். இருந்தும் மாவட்டத்துக்கு ஒரு கட்சியாகத்தான் நின்றார்கள். படையாச்சி, நாயக்கர் என்று சாதிப் பட்டப்பெயரே ஊருக்கு ஊர் மாறும்போது கட்சி மட்டும் எப்படி ஒன்றாக இருக்கும்?

பெரும்பான்மை இல்லாத காங்கிரசுக்கு ராஜாஜி முதல்வராக வந்தார். தேர்தலில் நிற்காமல், ஆளுநரின் நியமனத்தால் மேலவை உறுப்பினராகி வந்தவர். மாணிக்கவேலு நாயக்கர் அமைச்சரானார்; காமன்வீலின் ஆறு பேரும் அரசுப் பக்கம் சாய்ந்தார்கள். படையாச்சியார் அப்போது போகவில்லை. 1952 ஜூலை 3 அன்று நம்பிக்கை வாக்கெடுப்பில் அரசுக்கு 200, எதிராக 151. காங்கிரஸ் சின்னத்தில் வென்ற 152 பேரைக் கழித்தால் குறைந்தது 48 பேர் வெளியிலிருந்து வந்திருக்கிறார்கள். அந்த 48 பேர் யார் யார் என்று ஒரு பட்டியல் போடுங்கள். ஒரு வாரம் பிடிக்கும் வேலைதான். ஆனால் உங்கள் நூலுக்கு முதுகெலும்பு அதுதான்.

பட்டியலுக்கான மூலம் சட்டப்பேரவை நடவடிக்கைக் குறிப்புகள். சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகத்திலும் கன்னிமாரா நூலகத்திலும் கேட்டுப் பாருங்கள். தமிழ், தெலுங்கு, மலையாளம், ஆங்கிலம் எல்லாம் கலந்த அவை அது. ஒருவர் எந்த மொழியில் பேசினாரோ அதிலேயே அச்சாகியிருக்கும், திகைக்க வேண்டாம். அடுத்து 1953 ஜூலையைப் பாருங்கள். குலக்கல்வித் திட்டம் என்று எதிர்த்தரப்பு பெயர் சூட்டிய தொடக்கக் கல்வித் திட்டத்தைக் கைவிடக் கோரிய தீர்மானத்துக்கு 138 – 138 என வாக்குகள் சமமாக விழுந்தன. பேரவைத் தலைவரின் வாக்கில்தான் அது தோற்றது. ஒரே ஒரு ஆள் வயிற்றுவலி என்று வீட்டில் படுத்திருந்தாலும் முடிவு மாறியிருக்கும் அவையில், 19 பேர் கொண்ட கட்சியின் எடை என்னவென்று யோசியுங்கள். உங்கள் தாத்தா ஊர் உறுப்பினர் அன்று எந்தப் பக்கம் நின்றார் என்பதைப் பெயரோடு எழுதுங்கள்.

1954 ஏப்ரலில் ராஜாஜி விலகி காமராஜர் முதல்வரானதும் படையாச்சியார் உள்ளாட்சித் துறை அமைச்சரானார், கட்சி கலைந்தது. இதைத் துரோகம் என்று எழுதுவார்கள், சாமர்த்தியம் என்றும் எழுதுவார்கள். இரண்டுமே சோம்பேறித்தனம் என்பது என் எண்ணம். கட்சி கேட்டவை என்ன, அமைச்சர் பதவியால் அவற்றில் எவை கிடைத்தன என்று துறை ஆணைகளை வைத்துச் சரிபாருங்கள். எல்லோரும் கூடவே போய்விடவில்லை என்பதையும் மறக்காதீர்கள். ஏ.கோவிந்தசாமி காங்கிரசுக்குப் போகாமல் உழவர் கட்சி கண்டார், பிறகு தி.மு.க.வுக்கு வந்து, 1967இல் அண்ணா அமைச்சரவையில் விவசாய அமைச்சரானார். இன்று படையாச்சியாருக்குக் கடலூரிலும் கோவிந்தசாமிக்கு விழுப்புரத்திலும் நினைவு மண்டபங்கள் இருக்கின்றன. முன்னது 2019இல் ஒரு கட்சியின் ஆட்சியில் திறந்தது, பின்னது 2025இல் மற்றொரு கட்சியின் ஆட்சியில். மண்டபக் கல்வெட்டை மட்டும் ஆதாரமாக வைத்து 1952ஐ எழுத வேண்டாம். அது கல் நட்ட காலத்தின் அரசியலைச் சொல்வது.

வாக்குச் சதவீதத்தில் ஒரு குழி உண்டு. தெரிந்தவர்களே அதில் விழுந்திருக்கிறார்கள். அன்று 375 இடங்களுக்கு 309 தொகுதிகள்தான். 66 தொகுதிகளில் இரண்டு பேரைத் தேர்ந்தெடுத்தார்கள். அங்கே ஒரு வாக்காளருக்கு இரண்டு வாக்கு. ஆகவே மொத்த வாக்கை மொத்த ஆளாக எண்ணாதீர்கள். தேர்தல் ஆணையத்தின் அறிக்கை இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. ஒற்றை உறுப்பினர் தொகுதிகளைத் தனியாகவும் இரட்டை உறுப்பினர் தொகுதிகளைத் தனியாகவும் பிரித்து அட்டவணை போடுங்கள். அறிக்கை ஆங்கிலத்தில் இருப்பதால் கட்சியை 'டாய்லர்ஸ்' என்ற பெயரில் தேட வேண்டும்.

ஊர்ப் பெரியவர்களைக் கேட்பது நல்லதுதான். ஆனால் அன்று வாக்குரிமை வயது 21. 1952இல் வாக்களித்தவர் இன்று தொண்ணூறு வயதை நன்றாகத் தாண்டியிருப்பார். மற்றவர்கள் சொல்வது சிறுவர்களாக ஊர்வலத்தின் பின்னால் ஓடிய நினைவு. அதற்கும் மதிப்பு உண்டு, வாக்குச்சாவடிச் சாட்சியமாக மட்டும் அதை எழுதாதீர்கள். 1952இல் ஒவ்வொரு வேட்பாளருக்கும் சின்னம் ஒட்டிய தனிப் பெட்டி. சீட்டில் முத்திரை குத்தும் வழக்கம் அப்போது இல்லை, விரும்பியவர் பெட்டியில் சீட்டைப் போட வேண்டியதுதான். யாராவது 'மஞ்சள் பெட்டியில் போட்டோம்' என்றால் அது 1937 தேர்தலின் காங்கிரஸ் பெட்டி; மூத்தவர்கள் சொல்லிக் கேட்டது கலந்துவிட்டது என்று குறித்துக்கொள்ளுங்கள்.

தி.மு.க. 1952இல் போட்டியிடவில்லை, திராவிட நாட்டுக் கோரிக்கையை ஏற்றுக் கையெழுத்திட்டவர்களை ஆதரித்தது. அதனால் அந்தக் காலக் கழகப் பத்திரிகைகளிலும் உங்கள் கட்சியின் தடம் இருக்கும். தரமணி ரோஜா முத்தையா நூலகத்தில் பழைய இதழ்களைப் பார்க்கக் கேளுங்கள்.

இனி அந்த நான்கு நோட்டீஸ்கள். அவற்றில் தேதி இல்லாவிட்டாலும் அடியில் அச்சகத்தின் பெயரும் ஊரும் இருக்கும். அன்று நடப்பில் இருந்த 1867ஆம் ஆண்டுச் சட்டப்படி அவற்றை அச்சிட்டாக வேண்டியிருந்தது. ஒரே அச்சகமா, வேட்பாளர் பெயர் இருக்கிறதா, கூட்டம் எந்தக் கிழமை என்று பாருங்கள்; கிழமையும் தேதியும் சேர்ந்தால் ஆண்டைப் பிடித்துவிடலாம். நன்கொடை ரசீதின் வரிசை எண்ணையும் தொகையையும் அப்படியே படியெடுங்கள். கையெழுத்துப் போட்டவரின் பெயர் வேறெந்தப் பட்டியலிலும் இருக்காது. முன்னும் பின்னும் ஸ்கேன் செய்துவிட்டு அமிலமில்லாத காகித உறையில் வையுங்கள். லேமினேட் மட்டும் செய்துவிடாதீர்கள். பிறகு பிரிக்க வழியில்லை.