பிரெஞ்சுப் பாட்டில் ஓர் உகரம்

அன்புள்ள ஐயா,

மூன்று ஆண்டுகளாகப் பிரெஞ்சு படிக்கிறேன். எடித் பியாஃப், ழாக் ப்ரெல் பாட்டுகளைக் கேட்டுத்தான் அந்த மொழி மேல் ஆசை வந்தது. இப்போது இன்றைய பாடகி ஆயா நகமுராவைக் கேட்டால், பாதிச் சொற்கள் அகராதியில் இல்லை. அந்தப் பாட்டு மரபு முடிந்துவிட்டதா?

க., புதுச்சேரி

அன்புள்ள க.,

முடியவில்லை. பாட்டுக்குள் எந்தப் பிரெஞ்சை விடலாம் என்பதுதான் மாறியிருக்கிறது.

ப்ரெல்லின் 1959ஆம் ஆண்டுப் பாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். ‘நு மு கித்து பா’, என்னை விட்டுப் போகாதே. ஐந்து அசைகளையும் முழுசாகப் பாடுகிறார். அந்த ‘து’ கிட்டத்தட்ட நம் குற்றியலுகரம்தான். அடுத்து உயிர் வந்தால் மறையும். மெய் வந்தால் பழைய செய்யுள் கணக்கில் ஓர் அசையாக நிற்கும். பாரிஸ் தெருவில் இதையே ‘மு கித் பா’ என்று மூன்று அசையில் முடித்துவிடுவார்கள். உங்களை ஈர்த்த பாட்டில் இருந்தது செய்யுளின் உச்சரிப்பு. அது அழகு, எனக்கும் உயிர்.

ஆனால் பேச்சுமொழியும் விடாமல் உள்ளே வந்தது. சொல்லைத் திருப்பிப் போடும் தெருவழக்கைப் பாடகர் ரெனோ 1977இல் ஒரு பாட்டின் தலைப்பிலேயே வைத்தார்: ‘லெஸ் பெத்தோன்’. ‘தோம்பே’யைத் திருப்பினால் ‘பெத்தோன்’. முழுத் தலைப்புக்கும் விட்டுத்தள்ளு என்று அர்த்தம். அப்புறம் 1994இல் ஒரு சட்டம் போட்டார்கள். வானொலிகள் ஒலிபரப்பும் பாட்டுகளில் 40 சதவீதம் பிரெஞ்சில் இருக்க வேண்டும். 1996 முதல் நடைமுறை. ஆங்கிலப் பாட்டைக் கட்டுப்படுத்த வந்த சட்டம், இளைஞர் வானொலிகளில் பிரெஞ்சு ராப்புக்கு வழிவிட்டது. ராப்பில் அந்த உகரத்துக்குப் பெரும்பாலும் இடமில்லை; பேச்சில் விழுவதுபோலவே பாட்டிலும் விழுகிறது.

அகராதியில் இல்லாத சொல் பற்றி. 2024 ஜூலை 26, பாரிஸ் ஒலிம்பிக் தொடக்க விழா. பிரெஞ்சுக்கு அகராதி தொகுக்கும் பிரெஞ்சு அகாதெமி இருக்கும் கட்டடத்தின் எதிரே, பாலத்தின் மேல், குடியரசுக் காவல்படையின் வாத்தியக் குழுவோடு நகமுரா பாடினார். தன் பாட்டுகளோடு பழைய பாடகர் ஷார்ல் அஸ்னவூரின் 1963ஆம் ஆண்டுப் பாட்டு ஒன்றையும் சேர்த்துக்கொண்டார். அதன் தலைப்பே ‘ஃபார் மீ ஃபோர்மிதாப்ல்’, ஆங்கிலமும் பிரெஞ்சும் கலந்த விளையாட்டு. அஸ்னவூர் அர்மேனியக் குடும்பத்துப் பிள்ளை. நகமுரா மாலியின் பமாக்கோவில் பிறந்தவர். அந்தப் பாலத்தில் இருவரும் ஒரே மரபில் நின்றதாகத்தான் எனக்குத் தோன்றியது.

ப்ரெல்லையும் நகமுராவையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். அகராதி வேண்டாம். அந்த உகரம் எங்கே நிற்கிறது, எங்கே விழுகிறது என்று மட்டும் கவனித்து எனக்கு எழுதுங்கள்.