பிரானா மீன் கொடுத்த காசு

கேள்வி: ஸ்டூடியோக்காரர்கள் தயவில்லாமல் படம் எழுதுகிறவர்கள் சோற்றுக்கு என்ன செய்வார்கள்?
– ஒரு திண்டுக்கல் வாசகர்

அடுத்தவருக்கு எழுதுவார்கள், வேறென்ன! அமெரிக்காவின் ஜான் செய்ல்ஸைப் பாருங்கள். சிறுகதை, நாவல் என்று எழுதிக்கொண்டிருந்த மனுஷன், சிக்கனத்துக்குப் பேர்போன தயாரிப்பாளர் ரோஜர் கார்மனுக்கு, 'ஜாஸ்' என்ற சுறாமீன் படம் ஓடிய ஓட்டத்தில், ஆளைக் கடித்துத் தின்னும் மீன்களை வைத்து 'பிரானா' (1978) எழுதிக் கொடுத்தார். கார்மனிடம் இப்படிச் சம்பாதித்த பணத்தைப் போட்டுத்தான் தன் முதல் படமான 'ரிட்டர்ன் ஆஃப் தி சிகாக்கஸ் செவன்' எடுத்தார். அதோடு நிற்கவில்லை. ராட்சத முதலை, ஓநாய் மனிதர்கள் என்று வந்த வேலையையெல்லாம் வாங்கிப் போட்டுக்கொண்டார். 1983-ல் கிடைத்த, திறமைசாலிகளுக்கு நிபந்தனையில்லாமல் தரும் மெக்ஆர்தர் உதவித்தொகையும் அடுத்த படத்துக்குக் கைகொடுத்தது. 'அப்பல்லோ 13' ஸ்கிரிப்டிலும் அவர் கை உண்டு. திரையில் பேர் வராது, செக் மட்டும் வரும். இதில் கௌரவக் குறைச்சல் எதுவும் எனக்குத் தெரியவில்லை.

கேள்வி: சரி, அவர் எழுத்தில் அப்படி என்ன விசேஷம்?
– ஒரு நாகர்கோவில் வாசகி

கையில் என்ன இருக்கிறதோ அதை வைத்து எழுதுவது. முதல் படத்துக்குத் தெரிந்த நடிகர்கள் எல்லோரும் முப்பது வயதை ஒட்டியவர்கள், அதனால் கதையே முப்பதைத் தொடும் பழைய நண்பர்கள் ஒரு வார இறுதியில் கூடுவதுதான். கேமராவை இஷ்டத்துக்கு நகர்த்தக் காசில்லையா, ஆட்களை நிறையப் போட்டு, ஒரு பேச்சிலிருந்து இன்னொரு பேச்சுக்கு வெட்டிக்கொண்டே போனார்; படம் நகர்வதுபோலவே இருக்கும்.

காசு கொஞ்சம் சேர்ந்த பிறகும் அந்த மூளை மாறவில்லை. 'லோன் ஸ்டார்' (1996) டெக்சாஸ் எல்லையோர ஊர் ஒன்றில் நடக்கிறது. ஒருவர் ஓட்டலில் உட்கார்ந்து பழங்கதை சொல்கிறார், கேமரா மேஜையிலிருக்கும் டார்ட்டியா ரொட்டிக் கூடைக்கு இறங்குகிறது, மேலே வரும்போது அதே மேஜையில் பல வருடங்களுக்கு முந்தைய ஷெரீப், அதாவது அந்த வட்டாரப் போலீஸ் தலைவர், லஞ்சத்துக்குக் கை நீட்டிக்கொண்டு! நடுவில் கட் கிடையாது, மங்கலாக்குவது கிடையாது. அந்த ஊரில் பழசு இன்னும் எழுந்து போகவில்லை என்பதை வசனம் இல்லாமலே சொல்லிவிடுகிறார். அந்தத் திரைக்கதை ஆஸ்கர் பரிந்துரை வரை போனது.

1920-ல் மேற்கு வர்ஜீனியாவில் நடந்த நிலக்கரித் தொழிலாளர் போராட்டத்தை வைத்து 'மேட்வான்' எடுத்தபோது அவர் யார் பக்கம் என்பதில் ஒளிவுமறைவில்லை. ஆனால் சங்கத்தைத் திட்டித் தீர்க்கும் பாதிரியாராக நடித்தவர் அவரேதான், அதுவும் அரைமனதாக இல்லை.

குறையும் உண்டு. சில படங்களில் எல்லோரும் விவரமாகப் பேசிக்கொண்டே இருப்பார்கள், யாராவது கொஞ்சம் சும்மா இருங்களேன் என்று தோன்றும்.

கேள்வி: எந்தப் படத்திலிருந்து ஆரம்பிக்கலாம்?
– அதே வாசகி

'லோன் ஸ்டார்'. முடிவை யாரிடமும் கேட்டுக்கொண்டு போகாதீர்கள்.