அம்மாவுக்கு ஆபரேஷன், அண்ணன் சிறையில்: இடைக்கால ஜாமீன் கேள்வி-பதில்

கொலை வழக்கில் கைதான என் அண்ணன் பாளையங்கோட்டை மத்தியச் சிறையில் விசாரணைக் கைதியாக இருக்கிறான். வழுக்கி விழுந்த அம்மாவுக்குத் திருநெல்வேலி ஹைகிரவுண்டு அரசு ஆஸ்பத்திரியில் இடுப்பு எலும்பு ஆபரேஷன். சில நாட்களுக்கு மட்டும் வெளியே விடும் இடைக்கால ஜாமீன் கிடைக்குமா? (நாங்குநேரி வாசகர்)

கேட்கலாம், உரிமை என்று கேட்க முடியாது. குற்றவியல் நடைமுறைச் சட்டமான நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 480-ஆம் பிரிவு நோயாளிக்குக் காட்டும் சலுகை, கைதானவரே நோயாளியாக இருந்தால்தான். தாய்க்கு நோய் என்றால் 483-ஆம் பிரிவின்கீழ் செஷன்ஸ் நீதிமன்றத்தை நாட வேண்டும். கொலை வழக்கு என்பதால் அரசு வழக்கறிஞருக்கு அறிவிப்பு போகும்.

'தாயார் கவலைக்கிடம்' என்று பக்கம் பக்கமாக உருகாதீர்கள். நீதிபதி கேட்கப்போவது வேறு: கூட இருந்து பார்க்க இவரை விட்டால் ஆள் இல்லையா? நீங்கள் இருக்கிறீர்களே, கடிதமே எழுதியிருக்கிறீர்கள்! அப்பா இல்லை, நீங்கள் திருப்பூரில் வேலை, மைனி (அண்ணன் மனைவி) கைக்குழந்தைக்காரி என்றால் அதை மறைக்காமல் எழுதி, குடும்ப அட்டை நகலை இணையுங்கள். ஆபரேஷன் தேதி, வார்டு, உள்நோயாளி எண் மூன்றும் மருத்துவச் சான்றிதழில் இருக்கட்டும். அரசுத் தரப்பு அவகாசம் வாங்கும். ஸ்டேஷனிலிருந்து ஓர் ஏட்டையா வார்டுக்கே வந்து, கட்டிலில் இருப்பது உங்கள் அம்மாதானா என்று பார்த்துவிட்டுப் போவார். அதற்கும் நாள் வேண்டுமே, ஆபரேஷனுக்கு முந்தின நாள் மனுவோடு ஓடாதீர்கள்.

போலீஸ் வழிக்காவலுடன் சில மணி நேரம் பார்த்துவரும் அனுமதியையும் மாற்றுக் கோரிக்கையாக மனுவிலேயே சேருங்கள். முழு ஜாமீனுக்குத் தயங்கும் நீதிமன்றம் இதற்கு இசையக்கூடும். தள்ளுபடியானால் அடுத்து உயர் நீதிமன்ற மதுரைக் கிளை.

தெரிந்த டாக்டரிடம் ஒரு கடிதம் வாங்கிக் கொடுத்தால் போதாதா?

போதாது. பொய் என்று தெரிந்தால் நாளை நீங்கள் போடப்போகும் வழக்கமான ஜாமீன் மனுவும் சேர்ந்து அடிபடும். அந்த டாக்டரையும் வம்பில் இழுத்துவிடுவீர்கள்.

என் தம்பியை வெட்டிக் கொன்ற வழக்கில் வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும் சேர்ந்திருக்கிறது. குற்றம் சாட்டப்பட்ட எதிரி தன் தகப்பனாருக்கு உடம்பு சரியில்லை என்று ஜாமீன் கேட்கிறான். நாங்கள் வாயை மூடிக்கொண்டு இருக்க வேண்டியதுதானா? (களக்காடு பக்கத்து வாசகி)

இல்லை அம்மா. அந்தச் சட்டத்தின் 15-ஏ பிரிவுப்படி ஜாமீன் விசாரணை பற்றி உங்களுக்கு முன்கூட்டியே தகவல் வர வேண்டும். நீதிமன்றம் உங்கள் தரப்பைக் கேட்கவும் வேண்டும். தகவல் வராமலே உத்தரவு போட்டிருந்தால் அதுவே பலமான ஆட்சேபம்.

'தரவே கூடாது' என்பதோடு நிறுத்தாதீர்கள். தகப்பனாரின் நோய் உண்மையாக இருந்தால் நீதிமன்றம் இரங்கவும் செய்யும், அதில் தவறும் இல்லை. ஆஸ்பத்திரி திருநெல்வேலியில் என்றால் அவனுக்கு ஊருக்குள் என்ன வேலை? ஊர் எல்லைக்குள் வரக் கூடாது, சாட்சிகளை நெருங்கக் கூடாது, நகரத்துக் காவல் நிலையத்தில் தினமும் கையெழுத்திட வேண்டும் என்ற நிபந்தனைகளை எழுத்தில் கேளுங்கள்.

ஜாமீன் கொடுத்துவிட்டால் 14-ஏ பிரிவில் மதுரைக் கிளையில் மேல்முறையீடு உண்டு. சட்டம் 90 நாள் அவகாசம் தருகிறது. பத்து நாள் ஜாமீனுக்கு அந்த அவகாசத்தால் என்ன பயன்? உத்தரவு நகல் கைக்கு வந்த அன்றே கிளம்புங்கள்.

மகன் மேல் குண்டர் சட்டம் போட்டிருக்கிறார்கள். வழக்கில் ஜாமீன் கிடைத்தால் தாத்தாவைப் பார்க்க வர முடியுமா?

முடியாது. வழக்கு வேறு, தடுப்புக் காவல் வேறு. 1982-ஆம் ஆண்டின் அந்தச் சட்டத்தில் 15-ஆம் பிரிவு, தற்காலிகமாக வெளியே விடும் அதிகாரத்தை அரசுக்குத் தருகிறது. மனுவை அங்கே அனுப்புங்கள்.

தண்டனைக் கைதி இப்படி வெளியே வர என்ன வழி?

சிறைக் கண்காணிப்பாளர் வழியாக அவசர விடுப்பு கேட்க வேண்டும். மேல்முறையீடு நிலுவையில் இருந்தால், தண்டனையை நிறுத்திவைக்கும்படி அந்த நீதிமன்றத்திலேயே கேளுங்கள்.

இடைக்கால ஜாமீனில் கிடைத்த பத்து நாள் முடிகிறது, அம்மா இன்னும் வார்டில். நீட்டிப்பு மனு போட்டிருக்கிறோம். அதுவரை வெளியே இருக்கலாமா?

கூடாது. மனு நிலுவையில் இருப்பது நீட்டிப்பு ஆகாது. உத்தரவு கையில் இல்லையென்றால் குறித்த நேரத்துக்குள் சரணடைந்தே ஆக வேண்டும். தவறினால் தண்டனைச் சட்டமான நியாய சன்ஹிதா 269-ஆம் பிரிவில் ஓராண்டு வரை சிறை விதிக்கத்தக்க புது வழக்கு வரும். ஜாமீன்தாரர்களும் பத்திரத் தொகைக்கு நீதிமன்றத்தில் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.