கோவில்பட்டி மட்டையோடு வான்கூவர் வரும் தம்பிக்கு

தம்பி, மார்ச்சில் வான்கூவர் வருவதாகவும், பள்ளியில் ஹாக்கி ஆடியவர் என்பதால் அதைச் சொல்லியே வேலையிடத்தில் பழகிக்கொள்ளலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். கூடவே வாடகை, வங்கிக் கணக்கு. வங்கிக் கணக்கு அரை நாள் வேலை. வாடகை எங்கே பார்த்தாலும் அதிகம், வந்து பார்த்துக்கொள்ளலாம். ஹாக்கிக்கு வருகிறேன்.

நானும் கோவில்பட்டிக்காரன்தான். செம்மண் மைதானத்தில் முட்டி தேய ஆடியவன். 2003 ஜனவரியில் இங்கே வந்து, ஏஜென்சி மூலம் ஒரு கிடங்கில் பெட்டி தூக்கும் வேலையில் சேர்ந்தேன். இரண்டாவது வாரமே "நானும் ஹாக்கி ஆடுவேன்" என்று சொல்லிவிட்டேன். இங்கே ஹாக்கி என்றால் பனித்தளத்தில் ஆடுவது மட்டும்தான். நம்முடையதற்குத் தனியாக ஃபீல்டு ஹாக்கி என்று பெயர். சனிக்கிழமை இரவு ஆட்டத்துக்குக் கூப்பிட்டார்கள். மட்டை பிடிக்கத் தெரிந்தவனுக்கு மற்றது தானாக வரும் என்று நம்பி, இரவல் ஸ்கேட்டை மாட்டிக்கொண்டு இறங்கினேன். ஐந்து நிமிடத்தில் விழுந்து இடது மணிக்கட்டு உடைந்தது. ஏஜென்சி அதோடு கூப்பிடுவதை நிறுத்திக்கொண்டது.

இதை முக்கியமாகக் கேளுங்கள். இந்த மாகாணத்தின் மருத்துவக் காப்பீடு வந்த அன்றே தொடங்காது. வந்த மாதத்தின் மிச்ச நாட்கள் போக, இன்னும் இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். அந்த இடைவெளிக்குத் தனியார் காப்பீடு எடுத்துக்கொண்டு விமானம் ஏறுங்கள். நான் எடுக்கவில்லை. ஊரில் நகை அடகு வைத்துக் கொண்டுவந்த பணம் அந்த எலும்பில் போனது.

அன்று என்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனவர் கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிய பெரியவர். கட்டுப் போட்ட கையோடு நான் அறையில் கிடந்த ஆறு வாரமும் ஞாயிறுதோறும் வந்தார். அவர் சொல்லித்தான் பாட்ரிக் சகோதரர்களின் கதை எனக்குத் தெரியும்.

வான்கூவரில் விழுவது மழை. மான்ட்ரியல், ஒட்டாவா மாதிரி குளிர் தானாகத் தளம் போட்டுக்கொடுக்கிற ஊர் இல்லை. 1911இல் ஜோ பாட்ரிக் என்பவர் நெல்சன் ஊரில் இருந்த தன் மரத்தொழிலை விற்று, அந்தப் பணத்தை லெஸ்டர், ஃபிராங்க் என்ற மகன்களின் ஹாக்கிக் கனவில் போட்டார். அவர்களும் கிழக்கிலிருந்து பிழைக்க வந்த குடும்பம்தான். வான்கூவரிலும் விக்டோரியாவிலும் குழாய் பதித்து, இயந்திரத்தால் தளத்தை உறையவைத்தார்கள். கனடாவின் முதல் செயற்கைப் பனித்தளங்கள் அவை. வான்கூவரின் டென்மன் அரங்கில் 10,500 பேர் உட்காரலாம். அப்போது ஊரின் மக்கள்தொகையே சுமார் ஒரு லட்சம்! 1912 ஜனவரியில் விக்டோரியாவில் முதல் ஆட்டம். பசிபிக் கடலோர ஹாக்கி சங்கம் என்ற அந்த லீகில் மூன்றே அணிகள். சொந்த அரங்கமே இல்லாமல் வான்கூவரில் வந்து ஆடிய நியூ வெஸ்ட்மின்ஸ்டர் அணிதான் முதல் பட்டத்தை வென்றது.

கூடுதல் சம்பளம் கொடுத்துக் கிழக்கின் ஆட்டக்காரர்களை இழுத்தார்கள். அதைவிடப் பெரிய காரியம் விதிகளில் கைவைத்தது. அந்தக் காலத்தில் பக்கை, அதாவது பந்துக்குப் பதிலாக ஆடும் ரப்பர் வட்டை, முன்னால் இருப்பவனுக்குத் தள்ளிக்கொடுக்கக் கூடாது. பக்கவாட்டிலோ பின்னாலோதான் கொடுக்கலாம். முன்பாஸ் இல்லாத ஹாக்கியை நம்மால் நினைத்துப் பார்க்க முடியுமா? தளத்தின் குறுக்கே இரண்டு நீலக்கோடு போட்டு, நடுப்பகுதியில் முன்பாஸ் செல்லும் என்று மாற்றியது இந்த லீக்தான். கோல்கீப்பர் விழுந்து தடுக்கலாம் என்றதும் பெனால்டி ஷாட்டைக் கொண்டுவந்ததும் இவர்களே. 1915இல் வான்கூவர் மில்லியனர்ஸ் அணி ஒட்டாவாவை மூன்று ஆட்டத்திலும் தோற்கடித்து, இந்த ஆட்டத்தின் பெரிய பரிசான ஸ்டான்லி கோப்பையை எடுத்தது. கடைசி ஆட்டம் 12-3. அதற்குப் பிறகு இந்த ஊருக்கு அந்தக் கோப்பை வரவே இல்லை. 1970இல் என்.ஹெச்.எல். என்ற பெரிய லீகில் சேர்ந்த இந்த ஊர் அணி கனக்ஸ் மூன்று முறை இறுதிவரை போய்த் திரும்பியது. 1994, 2011 தோல்விகளின்போது கலவரமே நடந்தது. வேலையிடத்தில் அந்தப் புண்ணைத் தொடாதீர்கள்.

அந்த 1915 அணியின் நட்சத்திரம் 'சைக்ளோன்' டெய்லர். ஹாக்கி போக அவருக்கு ஓர் அரசு வேலையும் இருந்தது. குடிவரவு அதிகாரி. 1914 மேயில், பெரும்பாலும் பஞ்சாபிகளான 376 பேரோடு கோமகாட்டா மாரு கப்பல் வந்தபோது அதில் ஏறிய அதிகாரிகளில் அவரும் ஒருவர். இடையில் எங்கும் நிற்காமல் நேராக வரவேண்டும் என்ற சட்டத்தைக் காட்டி, ஒரு சிலரைத் தவிர யாரையும் இறங்கவிடவில்லை. இரண்டு மாதம் கழித்துப் போர்க்கப்பலைக் காட்டித் திருப்பி அனுப்பினார்கள். கல்கத்தா பக்கம் பட்ஜ் பட்ஜில் இறங்கியவர்களைத் துப்பாக்கிச் சூடு எதிர்கொண்டது. அந்தக் கப்பல் நின்ற அதே பர்ரார்ட் கடற்கழியின் கரையில்தான் டென்மன் அரங்கம். கப்பலைத் திருப்பி அனுப்பிய எட்டே மாதத்தில் அங்கே டெய்லருக்குக் கைதட்டல். இதைப் பெரியவர் சொன்ன அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

"வெள்ளைக்காரன் ஆட்டம், நமக்கு எதற்கு" என்று ஒதுங்கும் நம் ஆட்களிடம் எனக்குக் கோபம் உண்டு. வந்த மாதமே கனக்ஸ் ஜெர்சி வாங்கிப் போட்டுக்கொண்டு, எதையும் தெரிந்துகொள்ளாமல் கத்துகிறவர்களிடமும் உண்டு. பஞ்சாபிகளைப் பாருங்கள். திருப்பி அனுப்பப்பட்டவர்களின் ஜனங்கள், 2008 முதல் தங்கள் மொழியிலேயே ஹாக்கி வர்ணனை கேட்கிறார்கள். தமிழில் எப்போது என்ற ஏக்கம் எனக்கு இன்றும் இருக்கிறது. நான் 38 வயதில் முறையாக ஸ்கேட்டிங் படித்தேன். இப்போது பக்கத்து ஊரான பர்னபியில் சிறுவர்களுக்கு மட்டை பிடிக்கச் சொல்லித்தருகிறேன். கோவில்பட்டி மணிக்கட்டு அதற்கு நன்றாகவே உதவுகிறது.

பாட்ரிக் சகோதரர்களின் அந்த லீக் நீடிக்கவில்லை. 1924இல் புல்வெளி மாகாணங்களின் லீகோடு கலந்தது. 1925இல் விக்டோரியா அணி ஸ்டான்லி கோப்பையை வென்றது. அடுத்த வருடமே ஆட்டக்காரர்கள் மொத்தமாகக் கிழக்கே விற்கப்பட்டார்கள். டெட்ராய்ட், சிகாகோ அணிகள் அப்படித்தான் தொடங்கின. டென்மன் அரங்கம் 1936இல் எரிந்துபோனது. பெரியவருடைய அப்பா சிறுவனாக அங்கே ஆட்டம் பார்த்தவராம். கட்டுப் பிரித்த அன்று பெரியவர் ஒரு அட்டைப்பெட்டியைக் கிழித்து, மார்க்கரால் தளம் வரைந்து, குறுக்கே இரண்டு நீலக்கோடு இழுத்தார். "இனி முன்னால் பாஸ் கொடு" என்றார். அந்த அட்டை இப்போதும் என் அலமாரியில் இருக்கிறது.