பவளப்பாறைப் படம் ஏன் எடுபடவில்லை?

கேள்வி: மன்னார் வளைகுடாவில் பவளப்பாறை வெளுத்துச் சாவதை ஊர்க்கூட்டத்தில் படம் போட்டுக் காட்டினோம். இளவட்டங்கள் உருகினார்கள், பெரியவர்கள் கொட்டாவி விட்டார்கள். பழமையில் ஊறியவர்களுக்கு இரக்கமே கிடையாதா?
- வாசகர், பாம்பன்

பதில்: உண்டு. அவர்கள் தராசில் வேறு படிக்கற்களும் கிடக்கின்றன, அவ்வளவுதான். ஜொனாதன் ஹைட், ஜெஸ்ஸி கிரஹாம் முதலான உளவியலாளர்கள் ஒழுக்க உணர்வுக்கு ஐந்து வேர் சொல்கிறார்கள்: பரிவு, நியாயம், தன் கூட்டத்து விசுவாசம், மூத்தோருக்கு அடங்குதல், தூய்மை. அவர்களுடைய 2009 ஆய்வில் தாராளவாதிகள் (பழமையைவிட மாற்றத்தை விரும்புகிறவர்கள்) முதல் இரண்டையே பெரிதாக மதித்தார்கள். பழமைவாதிகள் ஐந்தையும் ஏறக்குறைய சமமாக மதித்தார்கள்.

உங்கள் படத்துக்கு வருவோம். மேத்யூ ஃபைன்பெர்க், ராப் வில்லர் இருவரும் 2013-ல் அமெரிக்காவில் வெளியிட்ட ஆய்வில் சிலருக்குச் சேதத்தைக் காட்டினார்கள்: வெட்டிய மரங்கள், செத்த பவளப்பாறை. வேறு சிலருக்கு அசுத்தத்தைக் காட்டினார்கள்: குப்பை மூடிய காடு, அழுக்குத் தண்ணீர் குடிக்கும் ஆள். சுற்றுச்சூழல் பக்கம் பழமைவாதிகளைச் சாயவைத்தது இரண்டாவதுதான். நீங்கள் போட்டது முதல் வகை!

வள்ளத்தில் செருப்புக்காலோடு ஏறவிடாத பெரியவரிடம் பாறையின் வேதனையைப் பேசாதீர்கள். ஒரு வாரம் வலையில் வந்த பிளாஸ்டிக்கையும் நைலான் கந்தலையும் சாக்கில் கட்டிவந்து கூட்டத்தில் கொட்டுங்கள். "கடலம்மா மடியில இதைப் போடலாமா பெரியப்பா?" என்று கேளுங்கள். பேசப்போகிறவர் அந்தத் தூய்மையை உள்ளுக்குள் கேலி செய்பவராக இருந்தால் அனுப்பாதீர்கள், முகமே காட்டிக்கொடுத்துவிடும். இன்னொன்று, இந்த வகைப்பாட்டை நம்மூர்க் கட்சிகள்மேல் அப்படியே ஒட்டவைக்க முடியாது. செங்கொடி பிடித்தவரே வீட்டுச் சடங்கில் இம்மி பிசக விடமாட்டார்.

கேள்வி: 'நியாயம்' என்று இரு தரப்பும் சொல்வது ஒன்றைத்தானே?
- வாசகி, தங்கச்சிமடம்

பதில்: இல்லை. 61 நாள் மீன்பிடித் தடைக்கால நிவாரணம் குடும்பத்துக்கு ஒரே தொகை, அது சமத்துவ நியாயம். மீன் விற்ற காசைப் படகுக்கு, வலைக்கு, ஆளுக்கு என்று பங்கு பிரிப்பது உழைப்பும் முதலும் பார்த்த நியாயம். ஆய்வாளர்களும் முதலில் இரண்டையும் ஒரே பெட்டியில்தான் போட்டார்கள். 2023-ல், இந்த ஒழுக்க வேர்களை அளக்கும் கேள்வித்தாளைத் திருத்தியபோது தனித்தனியாகப் பிரித்துவிட்டார்கள். கரையில் இந்த இரண்டும் மோதுவதைப் பார்க்க வேண்டுமா? காய்ச்சலில் படுத்துக் கடலுக்கு வராதவனுக்கும் பங்கு உண்டா என்று கேட்டுப் பாருங்கள்.